துப்ரோவ்னிக்கிலிருந்து பெராஸ்ட், கோட்டோர்: கைடோடு ஒரே நாளில் போய்வருவது எப்படி

குரோஷியாவுக்குப் போகிறவர்கள் பெரும்பாலும் துப்ரோவ்னிக்கில் சில நாள் தங்குவார்கள். கோட்டைச் சுவர்மேல் ஒரு சுற்று, கேபிள் கார், கடலில் ஒரு குளியல் எல்லாம் முடிந்த பிறகு, கையில் இருக்கும் மிச்ச நாளை என்ன செய்வது என்ற கேள்வி வரும். ஹோட்டலில், தெருமுனை டூர் கவுண்டரில், போனில் என்று எங்கே பார்த்தாலும் முதலில் வந்து நிற்பது மாண்டினீக்ரோ டூர்தான். ஏட்ரியாட்டிக் கடலோரமாகத் தென்கிழக்கே சுமார் 90 கிலோமீட்டர் போனால், பக்கத்து நாடான மாண்டினீக்ரோவில் இருக்கும் கோட்டோர் வந்துவிடும். மலை நேராகக் கடலுக்குள் இறங்கும் ஒரு விரிகுடா, அதன் கரையில் கிட்டத்தட்ட நானூறு வருடம் வெனிஸ்காரர்கள் கையில் இருந்த ஊர்கள். கட்டாயம் போங்கள் என்றுதான் சொல்வேன். ஆனால் இந்த ஒரு நாள் நன்றாக அமைவதும் வீணாவதும் பஸ் ஏறுவதற்கு முன்பே நீங்கள் எடுக்கும் இரண்டு முடிவுகளில் இருக்கிறது: ஒன்று விசா, இன்னொன்று எத்தனை ஊர் பார்ப்பது என்பது.

முதலில் விசாவை எடுத்துப் பாருங்கள்

பணம் கட்டுவதற்கு முன்பு பாஸ்போர்ட்டைத் திறந்து ஷெங்கன் விசா (தங்களுக்குள் எல்லைச் சோதனை இல்லாத ஐரோப்பிய நாடுகளுக்கான பொது விசா) ஒட்டிய பக்கத்தைப் பாருங்கள். எத்தனை தடவை உள்ளே நுழையலாம் என்பதற்கு அதில் ஒரு கட்டம் இருக்கும். 01, 02, மல்ட் (MULT, அதாவது பல தடவை), இந்த மூன்றில் ஒன்று அங்கே அச்சாகியிருக்கும். குரோஷியா 2023 ஜனவரி 1 முதல் ஷெங்கன் பகுதிக்குள் வந்துவிட்டது, மாண்டினீக்ரோ வரவில்லை. அதனால் கோட்டோருக்குப் போவது என்றால் ஷெங்கனை விட்டு வெளியே போய், சாயங்காலம் மறுபடி உள்ளே வருவது என்று பொருள். உங்கள் விசாவில் 01 என்று இருந்தால் வெளியே போகலாம், திரும்பி வர முடியாது. உங்கள் பெட்டி துப்ரோவ்னிக் அறையில் இருக்கும், நீங்கள் எல்லைக்கு அந்தப் பக்கம் நிற்பீர்கள். இந்திய, இலங்கைப் பாஸ்போர்ட் வைத்திருக்கும் நமக்கு இதைவிட முக்கியமான விஷயம் இந்தப் பயணத்தில் வேறு இல்லை. டூர் விளம்பரங்களில் "பாஸ்போர்ட் அவசியம்" என்று மட்டும்தான் போட்டிருப்பார்கள், ஏனென்றால் அவர்களிடம் வருகிறவர்களில் பெரும்பாலோருக்கு விசாவே தேவைப்படாது.

மல்ட் என்று இருந்தால் கவலையில்லை. 02 என்று இருந்தால், அதில் எத்தனை நுழைவு ஏற்கெனவே செலவாகியிருக்கிறது என்று எண்ணிப் பாருங்கள். செல்லுபடியாகும் ஷெங்கன் விசா இருந்தால் மாண்டினீக்ரோவுக்குத் தனி விசா வேண்டாம், 30 நாள் வரை இருக்கலாம் என்பது அவர்களுடைய விதி. அமெரிக்க, பிரிட்டிஷ், ஐரிஷ் விசாக்களுக்கும் அதே சலுகை உண்டு, ஆனால் குரோஷியாவுக்குத் திரும்பி வர அவை உதவாது என்பதை மறக்காதீர்கள். விசா விதிகள் மாறக்கூடியவை, எனவே பணம் கட்டுவதற்கு முன்னால் மாண்டினீக்ரோ வெளியுறவு அமைச்சகத்தின் தளத்தில் ஒருமுறை பார்த்துவிடுங்கள். ஜெர்மனி, பிரான்ஸ் மாதிரி ஷெங்கன் நாடுகளில் குடியிருப்பவர்கள் குடியிருப்பு அட்டையையும் பாஸ்போர்ட்டையும் சேர்த்தே எடுத்துப் போக வேண்டும். அட்டை மட்டும் போதாது. போனில் எடுத்த படமும் செல்லாது.

இன்னும் ஊரில்தான் இருக்கிறீர்கள், விசாவுக்கே இனிமேல்தான் விண்ணப்பிக்கப் போகிறீர்கள் என்றால், விண்ணப்பத்தில் பல நுழைவு வேண்டும் என்று குறித்து, பயணத் திட்டத்தில் மாண்டினீக்ரோ நாளையும் எழுதிவிடுங்கள். காரணம் தெரிந்தால் கேட்டது கிடைக்க வாய்ப்பு அதிகம்.

ஒற்றை நுழைவு விசாதான் என்றால் மோஸ்டர் டூரும் வேண்டாம், அது போஸ்னியாவில் இருக்கிறது, அங்கேயும் இதே சிக்கல். குரோஷியாவுக்குள்ளேயே ஸ்டோன், கோர்ச்சுலா என்று ஒரு நாள் டூர் இருக்கிறது. ஸ்டோனில் உப்பளங்களைக் காக்க எழுப்பிய ஐந்து கிலோமீட்டருக்கு மேல் நீளும் சுவர் மலைமேல் ஏறி இறங்குகிறது, கோர்ச்சுலா தீவில் மீன் முள் வடிவில் தெருக்கள் பிரியும் ஒரு பழைய ஊர் இருக்கிறது. எல்லை எதையும் கடக்க வேண்டாம். பல நுழைவு விசா இல்லாத குறையைத் தீர்க்க மட்டும் போகிற டூர் அல்ல அது, அதன் அளவில் அருமையான நாள்.

டூரைத் தேர்ந்தெடுப்பது

பெரும்பாலான டூர்கள் பெராஸ்ட், கோட்டோர், புத்வா என்று மூன்று ஊரைக் காட்டும். சில ஸ்வெட்டி ஸ்டெஃபான் தீவையும் மேலிருந்து போட்டோ எடுக்க நிறுத்தும். பட்டியல் நீளமாக இருந்தால் கொடுத்த காசுக்கு அதிகம் கிடைக்கிறது என்று தோன்றும், ஆனால் நாளில் இருப்பது பதினோரு பன்னிரண்டு மணி நேரம், அதில் பயணமும் எல்லையும் ஐந்தாறு மணி நேரத்தைத் தின்றுவிடும், மிச்சத்தை மூன்று ஊருக்குப் பிரித்தால் ஒவ்வொன்றிலும் கழிப்பறை வரிசையும் காந்தப் பொம்மைக் கடையும்தான் மிஞ்சும். என் கருத்து, புத்வா இல்லாத டூரை எடுங்கள். புத்வாவின் பழைய நகரம் 1979 ஏப்ரல் 15 நிலநடுக்கத்தில் மோசமாக இடிந்து பிறகு திருப்பிக் கட்டப்பட்டது. அழகுதான், ஆனால் அதைச் சுற்றி இப்போது முழுக்கக் கடற்கரை ஹோட்டல்கள். கோட்டோரில் இரண்டரை மணி நேரமாவது சுதந்திர நேரம் தருகிற டூர்தான் நல்ல டூர்.

இதைக் கண்டுபிடிக்க நட்சத்திர மதிப்பீட்டைப் பார்க்காதீர்கள். விமர்சனங்களுக்குள் போய், கோட்டோரில் எவ்வளவு நேரம் விட்டார்கள், எல்லையில் எவ்வளவு நேரம் ஆனது என்று எழுதியவர்களைத் தேடிப் படியுங்கள். அதோடு, பெராஸ்டில் தீவுக்குப் போகும் படகுக் காசு சேர்ந்ததா, 24 மணி நேரம் முன்பு வரை ரத்து செய்தால் பணம் திரும்புமா என்பதையும் பாருங்கள்.

பெரிய பஸ்ஸா, எட்டுப் பேர் போகும் வேனா? வேன் விலை கூடுதல்தான், ஆனால் எல்லையில் எட்டுப் பாஸ்போர்ட் பார்ப்பதற்கும் ஐம்பது பாஸ்போர்ட் பார்ப்பதற்கும் உள்ள வித்தியாசம் ஜூலை ஆகஸ்டில் நன்றாகவே தெரியும். பிரதான எல்லைச் சாவடி கராசோவிச்சியில் இருக்கிறது. அங்கே வரிசை நீண்டால், சிறிய வண்டிக்காரர்கள் சில சமயம் கடலோரம் இருக்கும் இன்னொரு சின்னச் சாவடிக்குத் திருப்பிவிடுவார்கள். குடும்பமாகப் போனால், பெரியவர்கள் கூட இருந்தால், வேனுக்கே என் ஓட்டு.

தனியாகப் பொதுப் பேருந்தில் போகலாமே என்றால், போகலாம், துப்ரோவ்னிக்கிலிருந்து கோட்டோருக்கு பஸ் ஓடுகிறது. ஆனால் எல்லையில் தாமதமானால் திரும்பும் பஸ்ஸைத் தவறவிடும் பயம் நாள் முழுக்கக் கூடவே வரும். டூர் வண்டி உங்களைக் கூட்டிக்கொண்டுதான் திரும்பும். முதல் தடவைக்கு அந்த நிம்மதி பெரிது.

மே, செப்டம்பர், அக்டோபர் தொடக்கம்தான் நல்ல காலம். ஜூலை ஆகஸ்டில்தான் போக முடியும் என்றால் இருப்பதிலேயே சீக்கிரம் கிளம்பும் டூரை எடுங்கள். குளிர்காலத்தில் வானிலையைப் பார்த்துக்கொண்டு போங்கள், இந்த விரிகுடாவின் மேலே உள்ள கிர்க்விட்ஸே என்ற கிராமம் ஐரோப்பாவிலேயே அதிகம் மழை பெய்யும் இடம்.

முந்தின நாள் இரவு

பாஸ்போர்ட். மறுபடி சொல்கிறேன், பாஸ்போர்ட். அப்புறம் தோளையும் முழங்காலையும் மறைக்கும் துணி, ஒரு மெல்லிய துப்பட்டா போதும், தேவாலயங்களுக்குள் அது இல்லாமல் நுழைவது மரியாதையல்ல. நன்றாகப் பிடிக்கும் அடியுள்ள செருப்பு அல்லது ஷூ, ஏனென்றால் தெருக்களில் பாவிய சுண்ணாம்புக் கல் நூற்றாண்டுகளாக நடந்து நடந்து வழுவழுப்பாகிவிட்டது, ஒரு தூறல் போட்டால் சறுக்கும். தண்ணீர் பாட்டில், தொப்பி. வளைந்து வளைந்து போகும் சாலை என்பதால் வாந்தி வருகிறவர்கள் மாத்திரையை ஏறுவதற்கு முன்பே போட்டுக்கொள்ளுங்கள்.

பணம் மாற்ற வேண்டாம். மாண்டினீக்ரோ ஐரோப்பிய ஒன்றியத்தில் இல்லாவிட்டாலும் அங்கேயும் யூரோதான். படகுக்கும் கழிப்பறைக்கும் சில்லறை வைத்துக்கொண்டால் போதும். போன் விஷயத்தில்தான் கவனம் தேவை. ஐரோப்பா முழுக்கச் செல்லும் என்று வாங்கிய சிம்மில் மாண்டினீக்ரோ அடங்காமல் இருக்கலாம். எல்லை தாண்டும் முன் டேட்டா ரோமிங்கை அணைத்துவிடுங்கள், வரைபடத்தை முன்கூட்டியே போனில் இறக்கி வைத்துக்கொள்ளுங்கள்.

துப்ரோவ்னிக் பழைய நகரத்துக்குள் வண்டி வராது. பீலே வாசல் பக்கமோ ஏதாவது ஹோட்டல் வாசலிலோ ஏறச் சொல்வார்கள். அந்த இடத்தை முந்தின நாள் சாயங்காலமே நடந்து போய்ப் பார்த்துவிட்டு வாருங்கள்.

வண்டியில் ஏறியதும்

வலது பக்கம் ஜன்னல் இருக்கையைப் பிடியுங்கள். போகும்போது கடலும் விரிகுடாவும் முழுக்க வலப்பக்கம்தான். ஏறியவுடனே கைடிடம் "எங்களுடையது இந்தியப் பாஸ்போர்ட், பல நுழைவு விசா இருக்கிறது" என்று சொல்லிவிடுங்கள். அவர்கள் எல்லையில் நம்மை முதலில் அனுப்புவதா, எங்கே நிற்க வைப்பது என்று திட்டமிட அது உதவும்.

எல்லை என்றால் ஒன்றல்ல. குரோஷியாவை விட்டுப் போக ஒரு சோதனை, மாண்டினீக்ரோவுக்குள் போக ஒன்று, திரும்பும்போது இன்னும் இரண்டு. சில சமயம் ஓட்டுநரே பாஸ்போர்ட்டுகளை வாங்கிப் போய்க் காட்டி வருவார், சில சமயம் எல்லோரும் இறங்கி வரிசையில் நிற்க வேண்டும். 2025 அக்டோபரிலிருந்து ஷெங்கன் எல்லைகளில் விரல் ரேகையும் முகப் படமும் பதியும் புதிய முறை வந்திருக்கிறது, அதனால் குரோஷியப் பக்கத்தில் கொஞ்சம் கூடுதலாக நேரம் ஆகலாம். உங்கள் பாஸ்போர்ட் கைக்குத் திரும்பி வந்ததும் அது உங்களுடையதுதானா என்று பார்த்துவிட்டு உள்ளே வையுங்கள், ஐம்பது பாஸ்போர்ட் கைமாறும் இடத்தில் மாறிப்போக வாய்ப்பு உண்டு.

ஹெர்செக் நோவி என்ற ஊரைத் தாண்டியதும் கண்ணைப் போனிலிருந்து எடுத்துவிடுங்கள். விரிகுடா ஒரே நீர்ப்பரப்பாக இல்லாமல் ஒன்றுக்குள் ஒன்றாக உள்ளே போகும். வெரிகே என்ற இடத்தில் இரு கரையும் நெருங்கி சுமார் 340 மீட்டர்தான் இடைவெளி. அதைத் தாண்டினால் திடீரென்று உள் விரிகுடா திறந்து, எதிரே இரண்டு சின்னத் தீவுகள் தெரியும். கைடுகள் இதை ஃபியோர்டு என்று சொல்வார்கள், உண்மையில் இது பனியாறு குடைந்ததல்ல, கடலுக்குள் மூழ்கிப்போன ஆற்றுப் பள்ளத்தாக்கு.

பெராஸ்ட்

ஒரே ஒரு கடலோரத் தெரு, அதன்மேல் வெனிஸ் பாணிக் கல் மாளிகைகள், நடுவில் 55 மீட்டர் உயர மணிக்கூண்டு. இப்போது சில நூறு பேர் வாழும் இந்த ஊர், ஒரு காலத்தில் கப்பல் தலைவர்களின் ஊர். ரஷ்யாவின் மகா பீட்டர் தன் நாட்டு இளைஞர்களைக் கடல்வழி கற்க அனுப்பியது இங்கே இருந்த மார்க்கோ மார்ட்டினோவிச்சிடம்தான்.

இரண்டு தீவுகளில் சைப்ரஸ் மரங்கள் நிற்கும் புனித ஜார்ஜ் தீவு இயற்கையானது, அங்கே படகுகள் நிற்பதில்லை. நீல நிறக் குவிமாடம் தெரிகிறதே, பாறை அன்னை தீவு, அது முழுக்க மனிதர்கள் போட்ட தீவு. 1452 ஜூலை 22 அன்று அங்கே ஒரு பாறையில் மரியன்னை படம் ஒன்று கிடைத்ததாகவும், அதிலிருந்து மாலுமிகள் பயணம் முடித்து வரும்போதெல்லாம் அந்தப் பாறையைச் சுற்றிக் கல் போட்டதாகவும் மரபு. கல் நிரப்பிய பழைய கப்பல்களையும் அங்கேயே மூழ்கடித்தார்கள். இன்றும் ஒவ்வொரு ஜூலை 22 அன்றும் பொழுது சாயும் நேரத்தில் படகுகளை ஒன்றோடொன்று கட்டிக்கொண்டு போய்க் கல் போட்டு வருகிறார்கள்.

கரையிலிருந்து சில நிமிடப் படகுப் பயணம், டூரில் சேரவில்லை என்றால் சில யூரோ கொடுத்துப் போய்விடுங்கள். கரையில் காபி குடித்துக்கொண்டு தூரத்திலிருந்து பார்த்தால் போதும் என்று நினைக்காதீர்கள். தேவாலயத்துக்குள் மேற்கூரையும் சுவர்களும் முழுக்க ஓவியங்கள், பெரும்பாலும் இதே ஊர்க்காரரான திரிப்போ கொக்கொல்யா 17-ஆம் நூற்றாண்டில் தீட்டியவை. அவற்றுக்குக் கீழே வரிசையாகக் கப்பல் உருவம் அடித்த வெள்ளித் தகடுகள், புயலில் தப்பியவர்கள் வைத்த நேர்த்திக்கடன். பக்கத்து அருங்காட்சியக அறையில் ஒரு சின்னப் பூவேலைப் படம் இருக்கிறது, கூட்டம் தள்ளினாலும் அதன் முன்னால் நில்லுங்கள். யாசிந்தா குனிச் என்ற பெண் 25 வருடம் பட்டு நூலும் பொன், வெள்ளி இழையும் தன் தலைமுடியும் சேர்த்துத் தைத்தது. கடலுக்குப் போன கணவனுக்காகக் காத்திருந்து தைத்தாள் என்கிறார்கள். அதில் இருக்கும் குட்டித் தேவதைகளின் முடியைக் கிட்டப்போய்ப் பாருங்கள், சிலவற்றில் பழுப்பு, சிலவற்றில் நரை. அவள் முடி நரைக்க நரைக்கத் தைத்த முடியும் நரைத்திருக்கிறது.

கோட்டோர்

இங்கே கைடு பேசுகிற முதல் முக்கால் மணி நேரத்தை விட்டுவிடாதீர்கள். காதில் மாட்டும் கருவி கொடுப்பார்கள், ஆனாலும் பக்கத்திலேயே நடங்கள். 1555-இல் கட்டிய கடல் வாசல் வழியாக நுழைந்ததும் ஆயுதச் சதுக்கம், நேர் எதிரே 1602-ஆம் ஆண்டு மணிக்கூண்டு. அதன் காலடியில் கூர்மையான சிறிய கல் தூண் ஒன்று இருக்கும், குற்றம் செய்தவர்களை ஊர் பார்க்கக் கட்டிவைத்த இடம். பலர் அதன்மேல் பையைச் சாய்த்துவிட்டுப் போட்டோ எடுப்பார்கள், கைடு சொன்னால்தான் தெரியும்.

புனித டிரிஃபோன் பேராலயம் 1166-இல் அர்ப்பணிக்கப்பட்டது. 1667 நிலநடுக்கத்துக்குப் பிறகு அதன் முகப்புக் கோபுரங்களை மறுபடி கட்டினார்கள், உற்றுப் பார்த்தால் இரண்டும் ஒன்றுபோல இருக்காது. (துப்ரோவ்னிக்கைத் தரைமட்டமாக்கியதும் அதே நிலநடுக்கம்தான்.) எனக்கு அதைவிடப் பிடித்தது 1195-இல் கட்டிய சின்னஞ்சிறு புனித லூக்கா ஆலயம். நீண்ட காலம் கத்தோலிக்கரும் ஆர்த்தடாக்ஸ் கிறிஸ்தவர்களும் ஒரே கூரையின் கீழ் தனித்தனிப் பீடம் வைத்து வழிபட்ட இடம். உள்ளே பத்து நிமிடம் போதும். கோட்டோரும் அதன் விரிகுடாவும் 1979-இல் யுனெஸ்கோ உலகப் பாரம்பரியப் பட்டியலில் சேர்ந்தன, புத்வாவை இடித்த அந்த நிலநடுக்கம் வந்த அதே ஆண்டு. ஆபத்தில் உள்ள இடங்களின் பட்டியலிலும் உடனே சேர்த்து, பழுது பார்த்து 2003-இல்தான் எடுத்தார்கள்.

சுதந்திர நேரம் கிடைத்ததும் ஒரு முடிவு எடுக்க வேண்டும்: மேலே ஏறுவதா, கீழேயே இருப்பதா. ஊரின் முதுகில் மலைமேல் ஏறும் கோட்டைச் சுவரில் சுமார் 1,350 படி, நுழைவுக் கட்டணம் 15 யூரோ வரை. உச்சிக்குப் போய் இறங்க ஒன்றரை இரண்டு மணி நேரம், நிழல் கிடையாது. உச்சிவரை ஏறினால் சாப்பாடும் இல்லை, கீழே தெருக்களும் இல்லை. பாதி வழியில் 1518-இல் எழுந்த ஆரோக்கிய அன்னை ஆலயம்வரை போய்த் திரும்புங்கள், சிவப்பு ஓட்டுக் கூரைகள், மணிக்கோபுரம், விரிகுடா என்று படங்களில் நீங்கள் பார்க்கும் காட்சி பெரும்பாலும் அங்கிருந்து எடுத்ததுதான். முழங்கால் வலி உள்ளவர்கள் ஏறவே வேண்டாம். கீழே சந்துகளில் அலைந்தாலே நேரம் போய்விடும், மாவுச் சதுக்கம், பால் சதுக்கம் என்று அங்கே விற்றதை வைத்தே பெயரிட்ட சின்னச் சின்ன முற்றங்கள், எல்லாவற்றிலும் பூனைகள்.

சாப்பாட்டுக்குக் கடல் வாசல் சதுக்கத்தில் உட்காராதீர்கள், விலை அதிகம், நேரமும் ஆகும். சைவம் சாப்பிடுகிறவர்களுக்குச் சுலபம் ரொட்டிக் கடைகள்தான், பலகையில் பெக்காரா என்று போட்டிருக்கும். பாலாடைக்கட்டி வைத்த புரெக் (மெல்லிய மாவு அடுக்குகளில் சுட்ட பண்டம்) கேளுங்கள், "சா சிரோம்" என்றால் கொடுப்பார்கள். இறைச்சி வைத்ததும் பார்வைக்கு அதேபோல இருக்கும், அதனால் வாங்கும்போது கேட்டுவிடுவது நல்லது. உணவகத்தில் "பெஸ் மெசா" என்றால் இறைச்சி வேண்டாம் என்று பொருள், அதோடு "பெஸ் ரிபே" என்று மீனையும் சேர்த்துச் சொல்ல வேண்டும். உருளைக்கிழங்கோடு கீரை வதக்கிய ப்ளிட்வா நம் நாக்குக்கு ஒத்துவரும்.

கூடுமிடமும் நேரமும் கைடு சொன்னதும் அந்த இடத்தைப் போட்டோ எடுத்து வைத்துக்கொள்ளுங்கள். கோட்டோரில் மூன்று வாசல் உண்டு, தவறான வாசலில் நின்றுகொண்டு பஸ்ஸைத் தேடுகிறவர்கள் எல்லா டூரிலும் யாராவது இருப்பார்கள்.

திரும்பும்போது

பல வண்டிகள் விரிகுடாவை மறுபடி சுற்றாமல் லெப்பெட்டானே என்ற இடத்தில் படகில் ஏறி எதிர்க்கரை கமெனாரியில் இறங்கும். வண்டியும் படகில் ஏறும், நீங்கள் இறங்கி மேல்தளத்தில் நின்று பார்க்கலாம். கமெனாரியில் இறங்கிய பிறகு கடல் இடப்பக்கம்.

சாயங்கால எல்லை வரிசை காலையைவிட நீளமாக இருக்கலாம். ஏறுவதற்கு முன்பே கழிப்பறை போய்விடுங்கள். நியேகுஷி பாலாடைக்கட்டி, உப்பிட்ட இறைச்சி என்று கோட்டோர் கடைகளில் அடுக்கியிருப்பார்கள், அங்கேயே சாப்பிடலாம், பையில் வேண்டாம். ஐரோப்பிய ஒன்றியத்துக்கு வெளியிலிருந்து இறைச்சியும் பால் பொருளும் உள்ளே கொண்டுவரத் தடை, எல்லையில் பறிமுதல் செய்வார்கள். கைடு நன்றாகக் கவனித்திருந்தால் இறங்கும்போது ஐந்து யூரோவோ உங்களால் முடிந்ததோ கொடுங்கள், கட்டாயம் இல்லை.

இந்த டூரைத் துப்ரோவ்னிக்கின் கடைசி நாளுக்கு வைக்காதீர்கள். ஆறு மணிக்குத் திரும்பிவிடுவோம் என்று எழுதியிருக்கும், கோடையில் எட்டு ஒன்பதும் ஆகும். அன்று இரவு விமானமோ கப்பலோ இருந்தால் அந்த நாளை ஊருக்குள்ளேயே கழித்துவிட்டு, மாண்டினீக்ரோவை முன்னாலேயே முடித்துக்கொள்ளுங்கள்.